கச்சான் காற்றும் கச்சான் அல்வாவும்

கச்சான் என்ற சொல்லுக்கு எங்கள் நாட்டுத் தமிழில் இரண்டு பொருள் உண்டு. ஒன்று, மேற்கிலிருந்து வீசும் காற்று. மற்றது, தமிழகத்தவர் நிலக்கடலை என்று சொல்லும் பருப்பு.

நான் மணமுடித்துக் குடியிருக்கும் மட்டக்களப்புப் பக்கத்தில் ஜூன், ஜூலை மாதங்களில் கச்சான் காற்று வீசத் தொடங்கினால் உதடு வெடிக்கும். காயப்போட்ட துணி அரை மணி நேரத்தில் மொறமொறத்துவிடும். மலைநாட்டில் மழையைக் கொட்டித் தீர்த்துவிட்டு வெறுங்கையோடு இறங்கி வருகிற காற்று அது. அதே காற்று நாட்டின் மேற்குக் கரையிலுள்ள கற்பிட்டியில் கடலின் ஈரத்தைச் சுமந்துகொண்டு நுழைகிறது. இந்த வேறுபாட்டை நான் பாடசாலைப் புத்தகத்தில் படித்ததுண்டு. அதற்கும் என் உம்மா செய்த கச்சான் அல்வாவுக்கும் தொடர்பிருக்கிறது என்பது ஓர் ஒகஸ்ட் விடுமுறையில் கற்பிட்டிக்குப் போய் வந்த பிறகுதான் விளங்கியது.

அல்வா என்றதும் நெய் வடியும் மஸ்கட்டை நினைத்துவிடாதீர்கள். வறுத்த கச்சானைச் சீனிப்பாகில் புரட்டி, பரப்பி, துண்டு துண்டாக வெட்டும் பண்டத்தையே எங்கள் ஊரில் கச்சான் அல்வா என்போம். கடித்தால் 'கடக்' என்று உடைய வேண்டும்.

என் மகளுக்குப் பன்னிரண்டு வயது. ஒரு நாள் இரவுச் சாப்பாட்டுக்குப் பிறகு, "வாப்பா, நீங்க சின்ன வயசில கச்சான் அல்வா வித்தீங்க எண்டு சொல்லுவீங்களே, அதை எப்படிச் செய்யிற?" என்று கேட்டாள். எனக்குப் பதில் தெரியவில்லை. விற்றது நான், செய்தது உம்மா. உம்மா மௌத்தாகி நான்கு ஆண்டுகள் ஆகிவிட்டன. என் மனைவி மூன்று தடவை முயன்று பார்த்தார். முதல் தடவை சீனி மணலாகிப் போனது. இரண்டாம் தடவை பல்லோடு ஒட்டி இழுபட்டது. மூன்றாம் தடவை கருகிவிட்டது. "இதைத் தெரிந்தவர் யாராவது உயிரோடு இருந்தால் போய்க் கேட்போம்" என்றார் மனைவி. அப்படிப்பட்டவர் ஒருவர் இருந்தார். 1990களில் முகாமில் எங்கள் கொட்டிலுக்கு அடுத்த கொட்டிலில் இருந்த மாமி. இரத்த உறவு இல்லை. ஆனால் ஓலைத் தட்டி ஒன்றைத் தவிர எங்களுக்கிடையே வேறு சுவர் இருந்ததில்லை.

பாலாவிக்கு அப்பால்

இரவு பஸ்ஸில் ஏறி, பொலன்னறுவை, அநுராதபுரம் வழியாக விடியற்காலையில் புத்தளத்தில் இறங்கினோம். தொழுது, தேநீர் குடித்துவிட்டுக் கற்பிட்டி பஸ்ஸைப் பிடித்தோம். பாலாவிச் சந்தியில் கொழும்பு வீதியை விட்டுத் திரும்பியதும் நிலத்தின் முகமே மாறிவிடுகிறது. வலப்புறம் புத்தளம் களப்பு. இடப்புறம் தென்னந்தோப்புகளுக்கு அப்பால் பெருங்கடல். இரண்டுக்கும் நடுவே வடக்கு நோக்கி நீண்டு கிடக்கும் மணல் நாக்கு போன்ற நிலம்தான் கற்பிட்டித் தீபகற்பம்.

நுரைச்சோலையை நெருங்கும்போது அனல்மின் நிலையத்தின் புகைபோக்கி தென்னைகளுக்கு மேலே எழுந்து நிற்கிறது. 2011இல் முதல் இயந்திரமும், 2014இல் மற்றவையும் இயங்கத் தொடங்கி, இன்று 900 மெகாவாட் ஆற்றலுள்ள நிலையம் அது. அதைத் தாண்டினால் காற்றாலைகள் கைவீசி நிற்கின்றன. நான் சிறுவனாக இந்த வீதியில் நடந்தபோது இவை எவையும் இருக்கவில்லை. மாறாமலிருப்பவை மணலும் காற்றும் தோட்டங்களுந்தான். ஆழமில்லாத கிணறுகளிலிருந்து தண்ணீர் இறைத்து, வெண்மணலில் வெங்காயமும் மிளகாயும் விளைவிக்கும் இந்த மக்களின் உழைப்பு அன்றுபோலவே இன்றும் கண்ணுக்குத் தெரிகிறது.

கச்சானும் மணல் நிலத்தை விரும்புகிற பயிர். அதன் பூ மண்ணுக்கு மேலே பூக்கிறது. மகரந்தச் சேர்க்கை முடிந்ததும் பூவின் அடியிலிருந்து ஒரு காம்பு கீழ்நோக்கி வளர்ந்து மண்ணைத் துளைத்துச் செல்கிறது. காய் உருவாவது மண்ணுக்குள்ளேதான். இறுகிய மண்ணென்றால் அந்தக் காம்பு நுழையத் திணறும். பிடுங்கும்போது காய் அறுந்து உள்ளேயே தங்கிவிடும். மகளுக்கு இதைச் சொன்னபோது, "அப்ப அது வேரில காய்க்கிற இல்லையா?" என்று வியந்தாள். இல்லை, அது அவரை, பயறு ஆகியவற்றின் இனம்.

வீதியின் முடிவில் கற்பிட்டி நகரம். ஒல்லாந்தர் 1667இல் கட்டத் தொடங்கிய கோட்டை களப்பின் வாயிலைப் பார்த்தபடி இன்றும் நிற்கிறது. அந்தக் கரைக்குத்தான் நாங்கள் படகில் வந்து இறங்கினோம்.

படகு வந்த கரை

1990 ஒக்டோபர் இறுதியில் விடுதலைப் புலிகள் வடமாகாணத்து முஸ்லிம்களை வெளியேற்றினார்கள். ஐந்து மாவட்டங்களிலிருந்தும் ஏறத்தாழ 75,000 பேர் வீடுவாசலை விட்டு வெளியேறினார்கள். யாழ்ப்பாணத்தவர் தரைவழியே வந்தனர். மன்னார்த் தீவிலிருந்து பலர் கடல்வழியாகக் கற்பிட்டிக்கு வந்தனர். எனக்கு அப்போது பத்து வயது. படகில் உம்மாவின் மடியில் தலை வைத்துப் படுத்திருந்ததும், வாப்பா ஒரு வார்த்தையும் பேசாமல் வந்ததும் நினைவிருக்கின்றன. கரையில் இறங்கியவர்களுக்குக் கற்பிட்டி மக்கள் சோறு ஆக்கிப் போட்டார்கள். பள்ளிவாசலிலும் பாடசாலையிலும் இடம் தந்தார்கள். பிறகு தென்னந்தோட்டங்களில் கிடுகுக் கொட்டில்கள் எழுந்தன. சில மாதங்களில் திரும்பிவிடலாம் என்று எல்லோரும் நம்பினோம். போர் முடிந்தது 2009 மே மாதத்தில்தான்.

1991இல் வாப்பா சுகவீனப்பட்டார். உம்மா யாரிடமும் கை நீட்டவில்லை. தோட்டக்கார வீட்டார் கொடுத்த ஓர் இரும்புத் தாச்சி இருந்தது. நிவாரணத்தில் கிடைக்கும் சீனி கொஞ்சம் இருந்தது. கச்சானைக் கடனுக்கு வாங்கினார். பிற்பகலில் அல்வா செய்து, சிறு சிறு துண்டுகளாக வெட்டி, பொலித்தீன் பையில் முடிந்து என்னிடம் தருவார். துண்டு ஒரு ரூபா. நான் பஸ் தரிப்பிடத்திலும் பாடசாலை வாசலிலும் நின்று விற்பேன். 1992இல் என்னை அரபுக் கல்லூரி விடுதியில் சேர்க்கும்வரை இது தொடர்ந்தது. அக்காலத்தில் நான் தாச்சிக்கு அருகே போனதில்லை. "அங்கால போ, பாகு தெறிக்கும்" என்று உம்மா விரட்டிவிடுவார்.

மாமியின் குசினியில்

மாமிக்கு இப்போது எழுபதைத் தாண்டிவிட்டது. முகாம் இருந்த தோட்டத்துக்கு அருகே கல்வீடு ஒன்றில் மகனோடு இருக்கிறார். எங்களைக் கண்டதும் என் மகளின் முகத்தைக் கையால் தடவி, "உம்மாட நெத்தி அப்படியே இருக்கு" என்றார். மகளிடம், "என்னை வாப்பும்மா எண்டு கூப்பிடு" என்றும் சொல்லிவிட்டார்.

நாங்கள் வந்த காரணத்தைச் சொன்னதும் சிரித்தார். "உங்கட உம்மா சொல்லித் தரல்லியா? ஆம்புளப் பிள்ளைக்கு என்னத்துக்கு எண்டு விட்டிருப்பா. மௌலவியாகி என்ன, அல்வாப் பாகு தெரியாதே!"

உம்மாவின் அந்தத் தாச்சி எங்கே என்று கேட்டேன். நாங்கள் முகாமை விட்டுப் போகும்போது உம்மா அதை மாமியிடம் கொடுத்திருந்தாராம். ஓட்டை விழுந்து, பழைய இரும்புக்காரனுக்குப் போய்விட்டது. இப்போது மாமி சமைப்பது எரிவாயு அடுப்பில். 2022இல் நாட்டில் எரிவாயு கிடைக்காமற் போனபோது மட்டும் மறுபடி மூன்று கல் வைத்து விறகு மூட்டியதாகச் சொன்னார். "எனக்கென்ன, பழகின கைதானே."

முதலில் கச்சானைச் சுளகில் கொட்டித் தெரிந்தார். சுருங்கியது, கறுத்தது, பூஞ்சணம் பிடித்தது எல்லாவற்றையும் தயவில்லாமல் எறிந்தார். இதை நமது வீட்டுப் பெண்கள் கவனிக்க வேண்டும். பூஞ்சணம் பிடித்த கச்சானில் அஃப்ளடொக்சின் என்ற நஞ்சு உண்டாகக்கூடும். அது ஈரலைக் கெடுக்கும். வறுத்தாலும் முழுமையாக அழியாது. நாலு பருப்பு வீணாகிறதே என்று பார்க்கக் கூடாது.

பிறகு தாச்சியில் கழுவி உலர்த்திய மணலைச் சூடாக்கி, கச்சானைப் போட்டுக் கிளறினார். மணலில் வறுத்தால் எல்லாப் பக்கமும் ஒரே சூடு படும். வறுபட்ட கச்சானை அரிதட்டில் போட்டு மணலை நீக்கி, ஆறியதும் உள்ளங்கையால் தேய்த்துத் தோலைப் புடைத்துவிட்டார். என் மகளும் ஒரு பிடி எடுத்துத் தேய்த்தாள். தோல் காற்றில் பறந்து குசினி முழுவதும் பரவியது.

"இனித்தான் வேலை" என்று மாமி தாச்சியைக் கழுவித் துடைத்து அடுப்பில் வைத்தார். சீனியைப் போட்டு, அது நனையுமளவுக்கு மட்டும் தண்ணீர் விட்டார். கரையும்வரை கிளறினார். கொதி வந்ததும் கரண்டியை வெளியே எடுத்து வைத்துவிட்டார். மனைவி கரண்டியை எடுக்கப் போனார். மாமி அவர் கையைப் பிடித்துக்கொண்டார். "கொதிக்கிற பாகைக் கிண்டக் கூடாது புள்ள. கிண்டினால் மணலாப் போகும்." மனைவியின் முதல் தோல்விக்குக் காரணம் அதுதான். கரைந்த சீனி மறுபடி பளிங்காக உறையத் தருணம் பார்த்திருக்கும்; கிளறுவது அதற்கு வழி திறந்துவிடும். சில துளி தேசிக்காய்ச் சாறு விட்டால் சீனியில் ஒரு பகுதி வேறு வகை இனிப்பாகப் பிரிந்து, பளிங்காவதைத் தடுக்கும். ஆனால் சாறு கூடினால் அல்வா பிசுபிசுக்கும்.

பாகு கொதித்துக்கொண்டிருந்தது. மாமி ஒரு கோப்பையில் குளிர்ந்த தண்ணீர் வைத்து, அதில் பாகை ஒரு துளி விட்டார். துளி கரைந்துபோனது. கொஞ்ச நேரம் கழித்து மறுபடி விட்டார். இம்முறை மெதுவான உருண்டையாகத் திரண்டது. "இதுதான் பதம் போலக் காட்டி ஆளை ஏமாத்திற இடம்" என்றார். அந்த இடத்தில் இறக்கினால்தான் அல்வா பல்லில் ஒட்டும். கடைசியாக விட்ட துளி கோப்பையின் அடியில் 'டக்' என்று விழுந்தது. எடுத்து ஒடித்தபோது கண்ணாடிபோல உடைந்தது. நிறம் வெளிறிய தேனின் நிறம்.

வெப்பமானி வைத்துப் பார்த்தால் இந்த இறுதிப் பதம் ஏறத்தாழ 150 செல்சியஸ் அளவில் வரும். நீர் ஆவியாகப் போகப் போகப் பாகின் சூடு ஏறுகிறது. அந்தப் பதத்தில் நூறு பங்கில் ஒரு பங்களவு நீர்தான் மிஞ்சியிருக்கும். நீர் கூடுதலாகத் தங்கினால் இளகும். இன்னும் சூடு ஏறவிட்டால் கறுத்துக் கசக்கும். நடுவில் கிடைக்கும் அவகாசம் சில மூச்சு நேரம்தான்.

கச்சானைக் கொட்டி, நாலு புரட்டுப் புரட்டி, நெய் தடவிய பலகையில் சாய்த்தார். எண்ணெய் பூசிய போத்தலால் உருட்டிப் பரப்பி, சூடு ஆறுமுன்பே கத்தியால் கோடு போட்டார். எல்லாம் இரண்டு மூன்று நிமிடத்தில் முடிந்துவிட்டது.

களப்பில் எறிந்த பை

அல்வா ஆறிக்கொண்டிருந்தது. வெளியே காற்று தென்னோலைகளைப் பிடித்து உலுக்கிக்கொண்டிருந்தது. முப்பது ஆண்டுகளுக்கு மேலாக யாரிடமும் சொல்லாத ஒரு செய்தியை அப்போது மாமியிடம் சொன்னேன்.

அது 1991ஆம் ஆண்டின் இறுதி, மழைக்காலம். உம்மா முப்பது துண்டு அல்வா தந்து அனுப்பினார். அன்று அல்வா இளகி, ஒன்றோடொன்று ஒட்டிப் பையோடு கட்டியாகிவிட்டது. பஸ் தரிப்பிடத்தில் ஒருவர் வாங்கிக் கையில் ஒட்டியதும் திருப்பித் தந்து காசைக் கேட்டார். கூட நின்ற பையன்கள் சிரித்தார்கள். வெட்கம் தாங்காமல் களப்புக்கரைக்குப் போய் முழுப் பையையும் தண்ணீரில் எறிந்துவிட்டேன். நாய் துரத்தியதால் பை விழுந்து சிதறிவிட்டது என்று உம்மாவிடம் பொய் சொன்னேன். உம்மா ஒன்றும் கேட்கவில்லை. சோறு போட்டுத் தந்தார். பின்னாளில் எத்தனையோ மாணவர்களுக்கு உண்மை பேசுவது பற்றிப் பாடம் நடத்தியிருக்கிறேன். ஒவ்வொரு தடவையும் அந்த நாய் நினைவுக்கு வரும்.

மாமி கேட்டுக்கொண்டிருந்துவிட்டுச் சொன்னார்: "அது எங்களுக்குத் தெரியும் மகன். அடுத்த நாள் காலையில அந்தப் பை கரையில ஒதுங்கிக் கிடந்தது. உங்கட உம்மாதான் கண்டா. முடிச்சைப் பாத்தாலே தெரியுமே, அது அவட முடிச்சு."

"உம்மா என்னை ஏசவில்லையே மாமி?"

"என்னத்துக்கு ஏச? பிழை தன்னுடையது எண்டா. அண்டைக்கு ஈர விறகு. மிச்சம் பிடிக்கப் பாத்து, பாகைக் கொஞ்சம் முந்தி இறக்கிப்போட்டாவாம். 'பிள்ளை சந்தியில நிண்டு வெட்கப்பட்டிருக்கும்' எண்டு என்னட்டச் சொல்லி அழுதா. அதுக்குப் பிறகு, விறகு முடிஞ்சாலும் மட்டையைப் பிச்சு எரிப்பா. பாகு உடையிற பதம் வராமல் இறக்க மாட்டா. அல்வாவைப் பிஸ்கட் தகரத்தில போட்டு மூடி வைக்கப் பழகினதும் அதுக்குப் பிறகுதான்."

என் மனைவி வேறு பக்கம் திரும்பிக்கொண்டார். எனக்குப் பேச்சு வரவில்லை. உம்மா என் பொய்யைத் திருத்த ஒரு சொல்லும் செலவழிக்கவில்லை. தன் பாகைத் திருத்திக்கொண்டார்.

காற்றின் ஈரம் பற்றித் தொடக்கத்தில் சொன்னேன் அல்லவா? சீனிப் பண்டம் ஈரத்தை இழுக்கும் குணமுடையது. பனங்கட்டியும் சர்க்கரையும் இன்னும் விரைவாக இழுக்கும். ஊரில் பனங்கட்டியில் செய்து பழகிய உம்மா, களப்பும் கடலும் சூழ்ந்த இந்த ஈரக் காற்றில் புதிதாகப் படிக்க வேண்டியிருந்தது. ஒரு நிலத்தை விட்டுத் துரத்தப்பட்டவர், மற்றொரு நிலத்தின் காற்றுக்கு ஏற்பத் தன் கையைப் பழக்கிக்கொண்ட வரலாறு அந்தச் சிறு துண்டில் இருந்தது. அதை ஒரு ரூபாவுக்கு விற்றுக்கொண்டிருந்த எனக்கு அது தெரியவில்லை.

ஊருக்குத் திரும்பிப் போகவில்லையா என்று மாமியிடம் கேட்டேன். போய்ப் பார்த்தாராம். கிணறு இருந்தது, வீட்டின் அத்திவாரம் இருந்தது. "அங்க என்ட உம்மா வாப்பாட கப்ர் இருக்கு. இங்க என்ட மாப்பிள்ளைட கப்ர் இருக்கு. நான் எங்க போற?" என்றார்.

வீட்டில் செய்ய விரும்புவோருக்கு

தோல் நீக்கிய வறுத்த கச்சான் 500 கிராம், சீனி 400 கிராம், தண்ணீர் அரைத் தேநீர்க் கோப்பை, தேசிக்காய்ச் சாறு அரைத் தேக்கரண்டி, உப்பு ஒரு சிட்டிகை, நெய் ஒரு மேசைக்கரண்டி. விரும்பினால் ஏலக்காய்த் தூள் சிறிது. மணல் இல்லாதவர்கள் வெறும் தாச்சியில் மெல்லிய நெருப்பில் கைவிடாமல் கிளறி வறுக்கலாம்.

பலகை, போத்தல், கத்தி மூன்றிலும் முன்கூட்டியே நெய் தடவி வையுங்கள். பாகு பதமான பிறகு தேட நேரமிராது. சீனியும் நீரும் சாறும் கொதித்த பின் கிளறாதீர்கள். நடுத்தர நெருப்பே போதும். தண்ணீரில் விட்ட துளி ஒடியும் பதம் வந்ததும் நெருப்பை அணைத்து, உப்பு, ஏலக்காய், கச்சான் சேர்த்துப் புரட்டி, அரை அங்குலத் தடிப்பில் பரப்புங்கள். சூட்டோடு வெட்டுங்கள். முழுதாக ஆறிய பின்பே காற்றுப் புகாத தகரத்தில் அடையுங்கள். சூட்டோடு மூடினால் உள்ளே வியர்த்து இளகிவிடும்.

கொதிக்கும் பாகு கொதிநீரைவிடக் கொடியது, தோலில் ஒட்டிக்கொள்ளும். சிறு பிள்ளைகளை அடுப்பருகே விடாதீர்கள். பட்டுவிட்டால் பற்பசை, எண்ணெய் எதுவும் பூசாமல், இருபது நிமிடம் ஓடும் குளிர்ந்த நீரில் பிடித்து, காயம் பெரிதென்றால் வைத்தியரிடம் காட்டுங்கள்.

மறுநாள் காலை புறப்படும்போது மாமி ஒரு பிஸ்கட் தகரம் நிறைய அல்வா தந்தார். மட்டக்களப்பில் இறங்கியபோதும் அது மொறமொறப்புக் குறையாமலிருந்தது. அடுத்த வெள்ளிக்கிழமை மனைவியும் மகளும் எங்கள் குசினியில் செய்தார்கள். இரண்டாம் பதத்தில் மனைவி இறக்கப் போனார். மகள் தடுத்தாள்: "உம்மா, இது ஏமாத்திற இடம் எண்டு வாப்பும்மா சொன்ன!"

வாசக நெஞ்சங்களே, உங்கள் வீட்டு முதியவர்களின் கையிலும் இப்படி ஒரு பதம் இருக்கும். பக்கத்தில் இருந்து கேளுங்கள். பிள்ளைகளையும், ஆண் பிள்ளைகளையும்தான், அருகில் இருத்துங்கள். எனக்கு மாமி இருந்தார். உம்மாவிடம் கேட்க எனக்கு முப்பது ஆண்டுகள் இருந்தன, நான் கேட்கவில்லை. அல்லாஹ் அவர்களின் கப்றை ஒளிமயமாக்குவானாக.